சாராவிடம் சொன்னாரா?

எங்கள் தோட்டத்து மாதா கோவிலில் புதன்கிழமை பின்னேரம் மூன்று மணிக்கு வேத வகுப்பு நடக்கும். வருகிறவர்கள் ஏழு பெண்கள். எல்லோரும் எல்கடுவ மலையில் கொழுந்து பறித்து, பென்ஷன் வயது தாண்டி, இப்போது முழங்காலைப் பிடித்துக்கொண்டு படியேறுகிறவர்கள். நான் கதவுப் பக்கத்து வாங்கில்தான் உட்காருவேன். யாராவது கேள்வி கேட்டால் சட்டென்று எழுந்து தேத்தண்ணிக் கேத்தலைப் பார்க்கப் போய்விட அந்த இடம்தான் வசதி.

வகுப்பு எடுப்பவர் மாத்தளையிலிருந்து பஸ்ஸில் வரும் ஒரு சிஸ்டர். எங்கள் மகள்களைவிட இளையவர். அவரும் தோட்டத்து லயத்தில், எங்களைப்போல வரிசை வீட்டில், பிறந்தவர் என்பதால் எங்கள் பேச்சு அவருக்குப் புரியும். எங்கள் சாக்குப்போக்கும் புரியும்.

போன தவக்காலத்தில் சிஸ்டர் ஒரு புதுப் பாடம் தொடங்கினார். இயேசுவின் சீடர்கள் போன பிறகு, முதல் சில நூறு வருஷங்களில் இருந்த கிறிஸ்தவ எழுத்தாளர்கள், யூதர்களின் பழைய வேதத்தை எப்படி வாசித்தார்கள் என்ற பாடம். ஐந்தாம் வகுப்போடு நின்ற எனக்கு இதெல்லாம் ஏறுமா என்று நினைத்தேன். ஆனால் சிஸ்டர் சொன்ன விதத்தில் ஏறியது.

"அவங்க பழைய புத்தகத்தைத் தூக்கி வீசல. வீட்டுல பழைய பெட்டிய தெறந்து ஒவ்வொரு சாமானா எடுத்து வெளிச்சத்துல திருப்பிப் பாப்போமே, அப்படிப் பாத்தாங்க. கயிறு வந்தா இது என்ன கயிறு, மரம் வந்தா இது எந்த மரம்னு கேட்டாங்க. யூதர்கள் அதே புத்தகத்த அவங்க வழியில வாசிச்சாங்க, இன்னைக்கும் வாசிக்கிறாங்க. இவங்களுக்கோ எங்க தொட்டாலும் இயேசுவோட சாயல் தெரிஞ்சிச்சு."

நோவாவின் பேழை அவர்களுக்குத் திருச்சபை, வெள்ளம் ஞானஸ்நானம். எரிக்கோ பட்டணத்தில் ஒரு பெண் தன் வீட்டுச் சன்னலில் கட்டிய சிவப்புக் கயிறு சிலுவையில் சிந்திய ரத்தம். யுத்தம் நடக்கும்போது மோசே மலைமேல் இரண்டு கையையும் விரித்து நின்றாரே, அதுவும் சிலுவைதான்.

எனக்கு இது பிடித்துப்போனது. விடுகதை அவிழ்ப்பதுபோல இருந்தது. என் மதினிக்கு என்னைவிட அதிகமாகப் பிடித்துப்போனது. மதினி என் வீட்டுக்காரரின் அக்கா. அடுத்த லயத்தில் இருக்கிறாள். வாய் பெரிது. கண்ணாடியை எங்கே வைத்தோம் என்று வருஷம் முழுக்கத் தேடுகிறவள்; அதனால் எதையும் வாசிக்கமாட்டாள், கேட்டதோடு சரி.

"அப்ப நம்ம லயமும் நோவா பேழையா சிஸ்டர்?" என்று கேட்டாள்.

"ஏன் அக்கா?"

"தண்ணி விசயத்துலதான் வித்தியாசம். அங்க வெளிய நின்னிச்சு, இங்க உள்ளுக்கு வருது."

சிஸ்டர் சிரித்து முடிக்க நேரம் எடுத்தது.

அடுத்த புதன்கிழமை ஆபிரகாமும் ஈசாக்கும். கடவுள் ஆபிரகாமிடம் உன் ஒரே மகனை மலைமேல் பலி கொடு என்கிறார். அவர் விறகை மகன் மேல் சுமத்தி, கையில் நெருப்பும் கத்தியும் எடுத்துக்கொண்டு போகிறார். கடைசியில் தேவதூதன் தடுக்க, புதரில் கொம்பு மாட்டிய ஒரு ஆட்டுக்கடா மகனுக்குப் பதிலாகப் பலியாகிறது. தன் விறகைத் தானே சுமந்த ஈசாக்கு, தன் சிலுவையைத் தானே சுமந்த இயேசுவின் சாயல். முள்ளில் மாட்டிய கடாவும் அவரேதான், முள்முடியோடு. அந்தக் கால எழுத்தாளர்கள் இப்படித்தான் எழுதி வைத்தார்களாம்.

சிஸ்டர் ஒரு படம் கொண்டுவந்திருந்தார். அதில் ஈசாக்கு ஏழெட்டு வயதுப் பிள்ளை. கக்கத்தில் நாலு சுள்ளி.

அந்தப் படத்தைப் பார்த்ததும் எனக்கு வாய் சும்மா இருக்கவில்லை. பக்கத்தில் இருந்த மதினியிடம் மெதுவாகச் சொன்னேன். அவள் அதை எடுத்து லவுட் ஸ்பீக்கர்போல எல்லோருக்கும் சொன்னாள்.

"சிஸ்டர், படம் பிழையாம். என் தம்பி பொஞ்சாதி சொல்லுது. இந்த வெறகுல தேத்தண்ணியும் கொதிக்காதாம்."

எல்லோரும் திரும்பி என்னைப் பார்த்தார்கள். கேத்தலைப் பார்க்க எழுந்தேன். சிஸ்டர் விடவில்லை.

"இருங்கம்மா. கேத்தல் ஓடாது. சொல்லுங்க."

வேறு வழியில்லை, சொன்னேன். தேயிலை மலையில் கவ்வாத்து வெட்டும்போது விழும் கிளைக்கு நாங்கள் மிலாறு என்று சொல்வோம். நாற்பது வருஷம் மிலாறு கட்டித் தலையில் சுமந்தவள் நான். ஒரு கட்டு மிலாறு எங்கள் அடுப்புக்கு இரண்டு நாள் வரும். அது சோறு கறிக்கு. ஒரு முழு ஆட்டை எலும்பும் மிஞ்சாமல் சாம்பலாக்குவது என்றால் சின்னப் பிள்ளை சுமக்கிற விறகு காணாது. மூன்று நாள் வழி நடந்துபோய், கடைசியில் மலையேற்றம் வேறு. அந்தக் கட்டைச் சுமந்தது வளர்ந்த ஆம்பிளைதான்.

"எத்தன வயசு இருக்கும்மா?" என்றார் சிஸ்டர்.

"இருவத்திரெண்டு" என்று சொல்லிவிட்டேன்.

ஏன் அந்த வயது வாயில் வந்தது என்று மதினிக்குத் தெரியும். அவள் தன் சேலை மடிப்பைச் சரிசெய்தாள்.

என் மகன் முதல்தடவை கட்டாருக்குப் போனது இருபத்திரண்டு வயதில். ஒரு ஹோட்டல் சமையலறையில் வேலை. பாஸ்போர்ட் எடுத்தது தெரியும், போகப்போகிறான் என்பதும் தெரியும். என்றைக்கு என்பது மட்டும் எனக்குத் தெரியாது. ஒருநாள் விடியற்காலையில் என் வீட்டுக்காரர் மகனைக் கூட்டிக்கொண்டு கண்டிக்குப் போவதாகச் சொன்னார். சப்பாத்து வாங்கவாம். நான் ரொட்டி சுட்டு, சம்பல் அரைத்துக் கட்டிக் கொடுத்தேன். வாசலில் மகன் கொஞ்சம் நின்றான்.

"போய்ட்டு வாறேம்மா."

"சப்பாத்த போட்டு நடந்து பாத்து வாங்கு. கடைக்காரன் பேச்ச நம்பாத" என்றேன்.

இரண்டு வருஷம் பிரியப்போகிற மகனை நான் அனுப்பிவைத்த வார்த்தை அது.

அன்று பின்னேரம் என் வீட்டுக்காரர் ராத்திரிச் சாப்பாட்டுக்கு ஒரு பாணோடு தனியாக வந்தார். "போய்ட்டான். இந்நேரம் ஆகாசத்துல இருப்பான்" என்றார். பெட்டி முதல் நாளே மதினி வீட்டுக் கட்டிலுக்கு அடியில் போய்விட்டதாம். கேட்டதற்கு, பயணம் போகிறவன் முன்னால் பெற்றவள் அழுதால் பயணம் விளங்காது, அதனால்தான் சொல்லவில்லை என்றார். எங்கள் பக்கத்தில் அப்படி ஒரு பேச்சு உண்டுதான். வெளிநாட்டுக்கு அனுப்புகிற வேனில் ஆம்பிளைகள்தான் ஏறுவார்கள். தாய்மாருக்கு வாசலோடு சரி. எனக்கு வாசலும் கிடைக்கவில்லை.

அதற்குப் பிறகு மகன் இரண்டு வருஷத்துக்கு ஒருமுறை லீவில் வந்து போகிறான். பயண நாள் இப்போது எனக்கும் தெரியும். ஆனால் விடியற்காலையில் வேனில் இடமில்லை என்பார் அவர், அல்லது நீ தூங்கிக்கொண்டிருந்தாய் என்பார். நானா, அன்றைக்கா, தூங்குவேன்? கட்டுநாயக்கா விமான நிலையத்தை நான் டிவியில்தான் பார்த்திருக்கிறேன். என்னையும் கூட்டிப்போங்கள் என்று வாய்விட்டுக் கேட்டதில்லை. கேட்பது எனக்கு வராத வேலை.

அந்தத் தவக்காலத்தில் மகன் லீவில் வீட்டில் இருந்தான். உயிர்த்த ஞாயிறு முடிந்து செவ்வாய்க்கிழமை அவனுக்குப் பிளேன். சிஸ்டர் ஆபிரகாம் கதையை வாசித்தபோது என் காது அந்த ஒரு இடத்தில் மாட்டிக்கொண்டது. ஆபிரகாம் காலையில் வெள்ளென எழும்பினார், கழுதையை ஆயத்தம் செய்தார், இரண்டு வேலைக்காரரையும் மகனையும் கூட்டிக்கொண்டு புறப்பட்டார். கழுதையைப் பற்றிக்கூட இருக்கிறது. பெற்றவள் சாராவைப் பற்றி ஒரு சொல் இல்லை.

சாரா அன்றைக்கு ரொட்டி சுட்டாளா, சப்பாத்தைப் பற்றி ஏதாவது சொன்னாளா என்று நினைத்துக்கொண்டு நான் வீட்டுக்கு வந்தேன்.

அதற்கடுத்த புதன்கிழமை சிஸ்டர் குண்டு போட்டார். குருத்தோலை ஞாயிறு பூசை முடிந்ததும் ஏழு பேரும் சனங்களுக்கு முன்னால் நின்று, ஆளுக்கொரு சாயலைச் சொல்ல வேண்டுமாம். மதினிக்குப் பேழை. எனக்கு ஈசாக்கின் விறகு.

"சிஸ்டர், நான் அன்னைக்கு தேத்தண்ணி போடுறேன். எல்லாருக்கும்" என்றேன்.

"தேத்தண்ணிக்கு ஆள் இருக்கும்மா. வெறகு தெரிஞ்ச ஆள் நீங்க ஒருத்தங்கதான்."

என் கல்யாணத்தில் சம்மதம் என்று நான் சொன்னது கேட்காமல் பாதர் மூன்று தடவை கேட்டார். கடைசியில் மதினிதான் பின்னாலிருந்து "சொல்லிட்டா பாதர்" என்றாள். அப்படிப்பட்டவள் நான். வீட்டுக்கு வந்து ஆட்டுப்பட்டியில் நின்று பேசிப் பழகினேன். ஆடு தலையாட்டிக் கேட்டது. மகன் பின்னால் நின்று கேட்டுக்கொண்டிருந்தது எனக்குத் தெரியாது.

"நல்லா இருக்கும்மா. ஆனா ஆட்டுக்கிட்ட போய் ஆட்டுக்கடா வெட்டுன கதைய சொல்றீங்களே. அது சாப்பாட்ட விட்டுறும்."

"போடா. இத ஒப்பாகிட்ட சொல்லிராத."

"அப்பாவுக்குப் பயந்தா?"

"பயமில்ல. அவருக்கும் அதுல ஒரு கேள்வி இருக்கு."

மகன் என் முகத்தைப் பார்த்தான். ஆட்டுக்குக் குழை போடப் போய்விட்டான்.

குருத்தோலை ஞாயிறு வந்தது. மதினி பேழையைப் பற்றிச் சொல்லத் தொடங்கி, லயத்துக் கூரைக்கு வந்து, தோட்டத் துரைக்கு வந்து, சிஸ்டர் கையைப் பிடித்த பிறகுதான் நிறுத்தினாள். அடுத்தது நான். காட்டுவதற்காக ஒரு கட்டு மிலாறு கொண்டுபோயிருந்தேன். மைக் முன்னால் நின்றேன். மைக் கூவியது. நான் ஒன்றும் சொல்லவில்லை. எழுதிக் கொண்டுவந்த தாளை இறுக்கிப் பிடித்தேன்.

"கட்ட தூக்குங்கம்மா" என்றார் சிஸ்டர் மெதுவாக.

இடுப்பில் செருகியிருந்த துவாயை உருவி, சும்மாடு சுற்றித் தலையில் வைத்தேன். குனிந்து கட்டைத் தூக்கி அதன்மேல் ஏற்றினேன். பாரம் தலையில் உட்கார்ந்ததும் கழுத்து நிமிர்ந்தது, கால் நிலைத்தது. நாற்பது வருஷம் அப்படித்தானே உலகத்தைப் பார்த்தேன். தாளைக் கீழே போட்டுவிட்டுப் பேசினேன்.

"பழைய காலத்துல எழுதினவங்க, ஈசாக்கு சுமந்த வெறகு இயேசு சுமந்த சிலுவைன்னு சொல்றாங்க. வெறகு சுமந்தா தெரியும், அது சரிதான். தான் எரியப்போற வெறகையே தான் சுமக்கிறான், அது அவனுக்குத் தெரியாது. இயேசு தெரிஞ்சே சுமந்தாரு. அங்கதான் பழசுக்கும் புதுசுக்கும் வித்தியாசம்."

இது தாளில் இருந்தது. அதற்கு மேல் வந்தது தாளில் இல்லை.

"இயேசு சிலுவையில தொங்கயில அவரோட அம்மா கீழ நின்னாங்க. பக்கத்துலயே நின்னாங்க. இந்தக் கதையில ஈசாக்கோட அம்மா எங்க? கழுதகூட மலையடிவாரம் வரைக்கும் போயிருக்கு. ஆபிரகாம் சாராகிட்ட சொன்னாரா? சொல்லாமத்தான் வெள்ளென கூட்டிக்கிட்டுப் போனாரா?"

ஆம்பிளைகள் பக்கம் மூன்றாவது வாங்கில் என் வீட்டுக்காரர் உட்கார்ந்திருந்தார். அவர் மேலே ஓடாத காத்தாடியைப் பார்த்தார். எங்கள் தோட்டத்தில் எல்லோருக்கும் எல்லோர் கதையும் தெரியும். பின்வாங்கில் யாரோ இருமினார்கள். மகன் குனிந்து குருத்தோலையை மடித்துக்கொண்டிருந்தான். நான் கட்டை இறக்கிவைத்துவிட்டு இடத்துக்கு வந்து உட்கார்ந்தேன்.

சிஸ்டர் மைக் முன்னால் போனார்.

"அம்மா கேட்ட கேள்விய ஆயிரத்தஞ்ஞூறு வருசத்துக்கு முந்தியே சிரியா பக்கத்து கிறிஸ்தவங்க கேட்டிருக்காங்க. அங்க இருந்த எழுத்தாளர் ஒருத்தர் அதுக்கு பதிலும் எழுதியிருக்காரு. ஆபிரகாம் சாராகிட்ட சொல்லல. அவங்க அழுவாங்கன்னு இல்ல. சொன்னா நானும் வாறேன்னு நிப்பாங்க. மகன பெத்ததுல பங்கு இருந்த மாதிரி கொடுக்கிறதுலயும் பங்கு கேப்பாங்க. அதான் சொல்லலன்னு எழுதியிருக்காரு. இன்னும் சிலர் பாட்டாவே பாடியிருக்காங்க, சாரா கேள்வி கேக்கிற மாதிரி."

எங்கேயோ கண்காணாத தேசத்தில், ஆயிரம் வருஷத்துக்கும் முன்னால், யாரோ ஒருவர் எனக்காக அந்த இடத்தில் வாசிப்பதை நிறுத்திக் கேட்டிருக்கிறார்.

"கேட்டுக்கடா தம்பி" என்றாள் மதினி, சத்தமாக, ஆம்பிளைகள் பக்கம் பார்த்து. பெட்டியைக் கட்டிலுக்கு அடியில் ஒளித்தவள் அவள்தான்.

மிலாறுக் கட்டைத் தலையில் வைத்து நான் வீட்டுக்கு நடக்கும்போது என் வீட்டுக்காரர் நாலு அடி முன்னால் போனார். பீலித் தண்ணி விழும் வளைவில் நின்றார்.

"ஊர் முன்னாலயா கேக்கணும்?"

"வீட்டுல கேட்டா ரேடியோ சத்தத்த கூட்டுறீங்க."

அவர் குனிந்து அந்தத் தண்ணியில் முகம் கழுவினார். பிறகு என் தலையில் இருந்த கட்டை எடுத்துத் தன் தோளில் வைத்துக்கொண்டார். கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் அது புதுசு.

"வேன்ல ஒரு எடம் இருக்கு" என்றார். "அழக்கூடாது."

"அழமாட்டேன்."

"அழுதா அங்கயே எறக்கி விட்டுருவேன்."

"பஸ் புடிச்சு வந்துருவேன்."

உயிர்த்த ஞாயிறு முடிந்த செவ்வாய்க்கிழமை விடிய முன்னமே நான் குளித்து, நல்ல சேலை கட்டி, வாசலில் நின்றேன். மதினி வழியனுப்ப வந்தாள். அழுதால் பயணம் கெடும் என்று எனக்கு ஏழு தடவை சொல்லிவிட்டு, எட்டாவது தடவை சொல்லும்போது தானே மூக்கை உறிஞ்சினாள். பெட்டியை யார் சுமப்பது என்று தெரியாததால் சும்மாட்டுத் துவாயைக் கையில் எடுத்துக்கொண்டேன்.

மாத்தளை வந்து குருநாகல் தாண்டும்வரை மகன் என் தோளில் சாய்ந்து தூங்கினான். முப்பது வயது ஆம்பிளை. கனம்தான். ஆனாலும் நான் அசையவில்லை. வேன் டிரைவர் எங்கள் பக்கத்துத் தோட்டத்துப் பிள்ளை. ஒவ்வொரு தடவையும் மகனை ஏற்றிப்போகிறவர். வழியெல்லாம் அவர் கண்ணாடியில் பின் சீட்டில் இருந்த எங்கள் மூவரையும் பார்த்துக்கொண்டே வந்தார். அழுகிறேனா என்று என்னைத்தான் பார்க்கிறார் என நினைத்தேன்.

விமான நிலையத்தில் சும்மாட்டுக்கு வேலை இல்லை. பெட்டியைத் தள்ளிப்போக வண்டில்கள் வைத்திருக்கிறார்கள். எங்களைப்போன்றவர்கள் ஒரு எல்லைக்கு மேல் போக முடியாது. கழுதையோடு அடிவாரத்தில் நின்ற வேலைக்காரர்கள் இப்படித்தான் நின்றிருப்பார்கள் என்று நினைத்து எனக்குச் சிரிப்பு வந்தது. மகன் என் இரண்டு கையையும் பிடித்தான்.

"போய்ட்டு வாறேம்மா."

எட்டு வருஷமாக யோசித்து வைத்த வார்த்தைகள் எத்தனையோ இருந்தன. அவன் காலைப் பார்த்தேன்.

"சப்பாத்து கடிக்குதா?" என்றேன்.

"இல்லம்மா. நடந்து பாத்துத்தான் வாங்கினேன்."

அவன் நெற்றியில் சிலுவை போட்டேன். கண்ணாடிக் கதவுக்குள் போய்த் திரும்பிக் கையைக் காட்டினான். நானும் காட்டினேன். கண்ணில் ஒரு சொட்டு இல்லை. சொன்ன சொல்லைக் காப்பாற்றிவிட்டேன் என்று காட்ட என் வீட்டுக்காரர் பக்கம் திரும்பினேன்.

அவர் தூணுக்குப் பின்னால் நின்றார். தோள் இரண்டும் குலுங்கின. மனுசன் தேம்பித் தேம்பி அழுதார்.

டிரைவர் என் பக்கத்தில் வந்து குரலைத் தாழ்த்தினார்.

"ஒன்னும் இல்லம்மா. ஐயா எப்பவும் இந்தத் தூணுக்குப் பின்னாலதான். மொத தடவ வீட்டுக்குக் கூட்டிட்டு வாறதுக்குள்ள அழுக நிக்காம ரெண்டு எடத்துல வேன நிப்பாட்டினேன்."

சிரியாக்காரர் எழுதாத ஒரு பதில் எனக்கு அங்கே கிடைத்தது. ஆபிரகாம் ஏன் சாராவைக் கூட்டிப்போகவில்லை என்று. அதைச் சிஸ்டரிடம் சொல்லலாமா என்று இன்னும் யோசிக்கிறேன்.

சும்மாட்டுத் துவாயை அவரிடம் நீட்டினேன். முகத்தை அழுத்தித் துடைத்தார். மூக்கையும் துடைத்தார்.

"அக்காகிட்ட சொல்லிராத" என்றார்.

சொல்லவில்லை. எழுதி மட்டும் வைத்திருக்கிறேன். மதினி அவள் கண்ணாடியை இன்னும் தேடிக்கொண்டுதான் இருக்கிறாள்.